லில் வெய்ன் எந்த ஆல்பத்தில் லில் வெய்ன் ஆனார்?

கேள்வி இதுதான்: ‘தா கார்ட்டர் 3’ பிடித்துப்போய் அமெரிக்க ராப்பர் லில் வெய்னின் பழைய ஆல்பங்களைத் தேடிப் போன ஒருவர், 1999-இல் வந்த ‘தா பிளாக் இஸ் ஹாட்’டையும் 2005-இல் வந்த ‘தா கார்ட்டர் 2’வையும் அடுத்தடுத்துக் கேட்டிருக்கிறார். இரண்டையும் ஒரே ஆள்தான் பாடினாரா, நடுவில் என்ன நடந்தது, எந்த ஆல்பத்தில் ஆள் மாறினார் என்று கேட்கிறார். வேறு யாராவது எழுதிக் கொடுத்தார்களோ என்ற சந்தேகமும் அவருக்கு இருக்கிறது.

பதிலை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். திருப்பம் 2004 ஜூன் 29 அன்று வந்த முதல் ‘தா கார்ட்டர்’. விற்பனையில் பெரியது மூன்றாம் பாகம். தரத்தில் சிறந்தது இரண்டாம் பாகம் என்பது என் கணக்கு. ஆனாலும் அவர் வேறு பாடகராக மாறிய இடம் முதல் பாகம்தான். மாறியதற்குக் காரணம் திடீர் ஞானம் ஒன்றும் இல்லை. கூட இருந்தவர்கள் ஒவ்வொருவராகக் கிளம்பிப் போனார்கள். அவருடைய ரெக்கார்டு கம்பெனி மொத்தமும் இவர் தலையில் விழுந்தது. தேறியே ஆகவேண்டிய நிலையில் தேறினார்.

இது புரிய வேண்டுமென்றால் நியூ ஆர்லியன்ஸிலிருந்து தொடங்க வேண்டும். டுவெய்ன் மைக்கேல் கார்ட்டர் ஜூனியர் 1982 செப்டம்பர் 27 அன்று அங்கே பிறந்தார். வளர்ந்தது ஹாலிகுரோவ் என்ற பகுதியில். 1991-இல் பிரையன், ரொனால்ட் வில்லியம்ஸ் என்ற அண்ணன் தம்பி இருவரும் சேர்ந்து கேஷ் மணி ரெக்கார்ட்ஸைத் தொடங்கினார்கள். பிரையன்தான் பின்னாளில் பேர்ட்மேன் என்று அறியப்பட்டவர். சிறுவன் வெய்ன் அவர் வீட்டு ஆன்சரிங் மெஷினில் ராப் பாடிப் பாடிப் பதிவு செய்து வைத்து, தொல்லை கொடுத்தே உள்ளே நுழைந்தார் என்பது ரசிகர்கள் எல்லோருக்கும் தெரிந்த கதை. 1995-இல் பி.ஜி. என்ற இன்னொரு சிறுவனோடு சேர்ந்து வந்த ‘ட்ரூ ஸ்டோரி’யில் அவர் குரல் இருக்கிறது. அப்போது வயது பதின்மூன்றைத் தாண்டவில்லை. பதினான்கு வயதில் பள்ளியை விட்டுவிட்டார்.

அந்த ஊருக்கென்று ஒரு சத்தம் உண்டு. பவுன்ஸ் என்பார்கள். தொண்ணூறுகளின் தொடக்கத்தில் கிளப்புகளிலும் தெருவிழாக்களிலும் வளர்ந்த ஆட்டப் பாட்டு அது. மேடையில் இருப்பவர் ஒரு வரி கூப்பிடுவார், கூட்டம் திருப்பிச் சொல்லும். எந்த வார்டு, எந்த குடியிருப்பு வந்திருக்கிறது என்று பேர் சொல்லி அழைப்பார்கள். இதில் வேடிக்கை, பவுன்ஸுக்கு அடித்தளமான தாளம் நியூயார்க்கிலிருந்து வந்தது. ஷோபாய்ஸ் என்ற குழு 1986-இல் வெளியிட்ட ‘டிராக் ராப்’ என்ற பாட்டை நியூயார்க்கே மறந்துவிட்டது. நியூ ஆர்லியன்ஸ் டிஜேக்கள் அதைப் பிடித்துக்கொண்டு, வெட்டி ஒட்டி, நூற்றுக்கணக்கான பாட்டுகளுக்கு அடியில் ஓடவிட்டார்கள்.

கேஷ் மணியின் மொத்த இசையையும் செய்தவர் மேனி ஃப்ரெஷ். அப்பாவும் டிஜே, அந்த ஊர் பவுன்ஸைக் கரைத்துக் குடித்தவர். டிரம் மெஷினையும் கீபோர்டையும் வைத்துக்கொண்டு, பழைய பாட்டிலிருந்து துண்டு வெட்டுவதை அதிகம் நம்பாமல், தானே வாசித்துக் கட்டுவார். அந்த ஊர் அணிவகுப்பு பேண்டுகளின் ஸ்னேர் டிரம் துடிப்பு அவர் பீட்டில், அதாவது பாடுகிறவருக்கு அடியில் ஓடும் இசையில், அப்படியே இருக்கும். கேட்கும்போது கால் தானாக ஆடும். ஆனால் அதன் மேல் பாடுகிறவருக்கு ஒரு சிக்கல். பீட்டே முழுக் கச்சேரியும் செய்துவிடும். வார்த்தை சும்மா அதன் மேல் சவாரி செய்தால் போதும். சின்ன வயது வெய்ன் செய்தது அதைத்தான், அதுவும் அட்டகாசமாக.

பி.ஜி., ஜூவனைல், டர்க், வெய்ன் நால்வரும் சேர்ந்து ஹாட் பாய்ஸ். 1997-இல் முதல் ஆல்பம். 1998-இல் யூனிவர்சல் நிறுவனம் கேஷ் மணியோடு விநியோக ஒப்பந்தம் போட்டது. 3 கோடி டாலர் என்று பேசப்பட்ட ஒப்பந்தம். மாஸ்டர் பதிவுகளின், அதாவது மூல ஒலிப்பதிவுகளின், உரிமையை அண்ணன் தம்பிகள் கையிலேயே வைத்துக்கொண்டார்கள் என்பதால் அது இன்றும் இசைத்தொழிலில் உதாரணமாகப் பேசப்படுகிறது. அதே ஆண்டு கடைசியில் ஜூவனைலின் ‘400 டிகிரீஸ்’ வந்து 40 லட்சம் பிரதிகளைத் தொட்டது. அதில் நாடே ஆடிய ஹிட் பாட்டின் கடைசியில் ஒரு கீச்சுக் குரல் ஒரே வரியைத் திரும்பத் திரும்பச் சொல்லும், கேட்டிருப்பீர்கள். அதுதான் வெய்ன். அன்று அவருடைய இடம் அவ்வளவுதான்: பெரிய அண்ணன்மார்கள் பாடி முடித்ததும் கடைசியில் வந்து கலகலப்பு ஏற்றும் பையன்.

‘தா பிளாக் இஸ் ஹாட்’ 1999 நவம்பரில், அவருக்குப் பதினேழு வயதில் வந்தது. அமெரிக்காவின் பில்போர்டு ஆல்பப் பட்டியலில் 3-ஆம் இடத்தில் நுழைந்து பிளாட்டினம் (பத்து லட்சம் பிரதி) ஆனது. இன்று கேட்டால் இரண்டு விஷயம் தெரியும். ஒன்று, வேகம். மூச்சு விடாமல், பீட்டின் ஒவ்வொரு துடிப்பிலும் ஓர் அசையை வைத்துக்கொண்டு போவார். இன்னொன்று, சொல்வதில் புதிதாக எதுவும் இல்லை. துப்பாக்கி, போலீஸ், தெருமுனை என்று கேஷ் மணி வீட்டில் எல்லோருக்கும் பொதுவான சாமான்களை இவரும் எடுத்துப் போட்டிருப்பார். கெட்ட வார்த்தை பேசக்கூடாது என்று அம்மா சொல்லிவிட்டதால், ஒரு பாட்டைத் தவிர ஆல்பம் முழுக்க அதைத் தவிர்த்திருப்பார். கொலை மிரட்டல் விடுகிற பாட்டில் கெட்ட வார்த்தை மட்டும் கிடையாது! எனக்கு அந்த ஆல்பத்தில் மிகவும் பிடித்த விஷயமே அதுதான்.

அப்புறம் வந்த ‘லைட்ஸ் அவுட்’ பற்றி அதிகம் சொல்வதற்கில்லை. 2000 டிசம்பரில் வந்தது, முந்தையதைவிடக் குறைவாக விற்றது.

அதன் பிறகுதான் வீடு காலியாக ஆரம்பித்தது. 2001, 2002 வாக்கில் பி.ஜி., ஜூவனைல், டர்க் மூவரும் பணக் கணக்கில் சண்டை போட்டுக்கொண்டு கேஷ் மணியை விட்டு வெளியேறினார்கள். மிஞ்சியது வெய்ன் ஒருவர்தான். பேர்ட்மேனை அப்பா என்று கூப்பிட்டு வளர்ந்தவர், அவரால் கிளம்ப முடியவில்லை. 2002 ஜூலையில் வந்த அடுத்த ஆல்பத்துக்கு ‘500 டிகிரீஸ்’ என்று பெயர் வைத்தார்கள். ஜூவனைலின் 400-ஐவிட நூறு கூடுதலாம். வெளியே போனவரைச் சீண்டுவதற்கென்றே வைத்த பெயர். ஆல்பத்தில் அந்தச் சீண்டலைத் தாண்டி என்ன இருக்கிறது என்று கேட்டால், கொஞ்சம்தான். பத்தொன்பது வயதில் நான்கு பேர் இடத்தை ஒருவர் நிரப்பப் பார்க்கிறார், நிரம்பவில்லை. அத்தோடு அவர் கதை முடிந்தது என்று நிறையப் பேர் நினைத்தார்கள். தென்மாநில ராப்பர் என்றால் ஆட்டத்துக்கு மட்டும்தான் லாயக்கு, பாட்டில் விஷயம் இருக்காது என்ற நினைப்பு நியூயார்க் பக்கம் அப்போதும் பலமாக இருந்த காலம். அட்லாண்டாவின் அவுட்காஸ்ட்டும் ஹூஸ்டனின் ஸ்கார்ஃபேஸும் என்னதான் செய்து காட்டினாலும் அது முழுதாகப் போகவில்லை.

அடுத்து நடந்தது ஆல்பத்தில் நடக்கவில்லை, மிக்ஸ்டேப்பில் நடந்தது. கேள்வி கேட்டவருக்கு 2002-க்கும் 2004-க்கும் நடுவில் ஒரு பாலம் தெரியாமல் போனதற்கு இதுதான் காரணம் என்று நினைக்கிறேன். கடைக்கு வந்த ஆல்பங்களை மட்டும் வரிசையாகக் கேட்டால் அந்த இரண்டு ஆண்டுகள் வெறும் இடைவெளியாகத்தான் தெரியும். ஸ்க்வாட் அப் என்று ஒரு நண்பர் குழுவைச் சேர்த்துக்கொண்டு, அடுத்தவர்களுடைய ஹிட் பாட்டுகளின் பீட்டை எடுத்து, அதன் மேல் தங்கள் வரிகளைப் பாடி, தெருவில் விற்கும் சிடியாக அடுத்தடுத்து வெளியிட்டார்கள். நியூயார்க்கின் பெரிய ராப்பர் ஜே-ஸி பாடிய பீட்டில், கிழக்குக் கரையின் மற்றவர்கள் பாடிய பீட்டில் வெய்ன் பாடுகிறார். பிறந்ததிலிருந்து ஒரே இசையமைப்பாளரின் பீட்டில் பாடி வளர்ந்தவருக்கு இது என்ன செய்திருக்கும் என்று யோசித்துப் பாருங்கள். மேனி ஃப்ரெஷ் பீட் உங்களைத் தூக்கிக்கொண்டு போகும். நியூயார்க் பீட் பெரும்பாலும் நான்கு நொடித் துண்டு ஒன்று சுற்றிச் சுற்றி வருவது. மெதுவானது. அதில் வெறுமே வேகமாகப் பாடினால் ஐந்தாவது வரியில் அலுத்துவிடும். எங்கே நிறுத்துவது, எந்தச் சொல்லைத் தாளத்துக்குப் பின்னால் இழுத்து வைப்பது, எப்போது சிரிப்பது என்று பாடுகிறவர்தான் யோசிக்க வேண்டும். அங்கேதான் அவர் நிதானத்தைக் கற்றுக்கொண்டார்.

அந்தக் காலத்துப் பதிவு ஒன்று ‘10,000 பார்ஸ்’. அரை மணி நேரத்துக்கும் மேலாக நிற்காமல் ஓடும். தன் நோட்டுப் புத்தகங்களில் எழுதி வைத்திருந்த, எங்கும் பயன்படுத்தாத வரிகளை எல்லாம் ஒரே மூச்சில் பாடித் தீர்த்துவிட்டார். அதற்குப் பிறகு பேனா எடுக்கவில்லை என்பது அவர் சொல்லிவரும் கணக்கு. ஜே-ஸி காகிதத்தில் எழுதாமல் மனதிலேயே கட்டிப் பாடுகிறவர் என்பது அப்போது எல்லோரும் வியந்து பேசிய விஷயம். வெய்னும் அந்த வழிக்கு வந்தார்.

எழுதாமல் பாடுவது பெரிய வித்தை மாதிரிச் சொல்லப்படுகிறது. எனக்கு அதில் முழு நம்பிக்கை கிடையாது. எழுதிப் பாடிய மேதைகளும் ஏராளம். ஆனால் இவர் விஷயத்தில் அது எதை மாற்றியது என்று காதால் கேட்க முடியும். எழுதுகிறவர் வரியை முடித்துவிட்டு அடுத்த வரிக்குப் போவார். வரியின் கடைசியில் இயைபு உட்கார்ந்திருக்கும். வெய்ன் மைக் முன்னால் நின்று கட்டும்போது ஒரு சொல்லின் ஓசையே அடுத்த சொல்லை இழுத்து வருகிறது. ஓர் இயைபைப் பிடித்தால் எட்டு வரி, பத்து வரி விடமாட்டார். இயைபு வராத சொல்லையும் நியூ ஆர்லியன்ஸ் உச்சரிப்பில் உயிரெழுத்தை வளைத்து, நெளித்து உள்ளே சேர்த்துவிடுவார். பொருள் சில சமயம் பக்கத்து ஊருக்குப் போய்விட்டுத் திரும்பி வரும். வந்து சேரும்போது சிரிப்பு வரும்.

இத்தனையும் கையில் இருந்த நிலையில் ‘தா கார்ட்டர்’ வருகிறது. 21 டிராக், கிட்டத்தட்ட 79 நிமிடம். பெயருக்கு இரண்டு வேர். ஒன்று அவர் குடும்பப் பெயர். இன்னொன்று 1991-இல் வந்த ‘நியூ ஜாக் சிட்டி’ படம். அதில் போதைக் கும்பல் ஒன்று ஒரு அடுக்குமாடிக் குடியிருப்பையே கைப்பற்றிக் கோட்டையாக்கும். அந்தக் கட்டிடத்தின் பெயர் கார்ட்டர். கும்பலின் பெயர் கேஷ் மணி பிரதர்ஸ். கம்பெனிக்குப் பெயர் வந்ததும் அங்கிருந்துதான். ஆல்பமும் ஒரு கட்டிடமாகவே கட்டப்பட்டிருக்கிறது: ‘வாக் இன்’ என்று நுழைகிறீர்கள், நடுவில் ‘இன்சைட்’, கடைசியில் ‘வாக் அவுட்’. இந்த மூன்றையும் தனியாக எடுத்துக் கேட்டுப் பாருங்கள். ஹிட் ஆவதற்காகச் செய்ததல்ல. ஒரு மனிதர் சாவகாசமாக நின்று, யாருக்காகவும் அவசரப்படாமல் பாடுகிறார். 1999-இல் பதினாறு வரி கிடைத்தால் போதும் என்று மூச்சுமுட்டப் பாய்ந்த பையனுக்கு இப்போது தன் வீட்டில் உலாவ நேரம் இருக்கிறது.

பெரும்பாலான பீட் மேனி ஃப்ரெஷ் போட்டதுதான். பாடுகிற விதம் மாறியதால் பீட்டும் வேறு மாதிரி ஒலிக்கிறது. ‘கோ டிஜே’யை எடுத்துக்கொள்ளுங்கள். ஹூக், அதாவது திரும்பத் திரும்ப வரும் பல்லவி, சுத்தமான பவுன்ஸ் மேடைக் கூச்சல், டிஜேயைக் கூப்பிட்டு உற்சாகப்படுத்துவது. பழைய வெய்னாக இருந்தால் வெர்ஸிலும் (பல்லவிக்கு நடுவே வரும் சரணம்) அதே துள்ளலைத் தொடர்ந்திருப்பார். இங்கே வெர்ஸ் வந்ததும் குரலை இறக்கிவிடுகிறார். பீட் குதிக்கிறது, இவர் குதிக்கவில்லை. தாளத்துக்குக் கொஞ்சம் பின்தங்கி, மூக்கால் பேசுகிற மாதிரி, ஒரே இயைபை நீட்டிக்கொண்டு போகிறார். கூட்டம் ஆடவும் செய்யலாம், உட்கார்ந்து வரி வரியாகக் கேட்கவும் செய்யலாம். பவுன்ஸையும் மிக்ஸ்டேப்பில் கற்றதையும் ஒரே பாட்டில் இணைத்த முதல் இடம் அது. பில்போர்டு ஹாட் 100 என்ற பாட்டுப் பட்டியலில் 14 வரை போனது.

வளர்ச்சி வளர்ச்சி என்கிறோமே, அதைக் கண்ணால் பார்க்க ஒரு பாட்டு போதும் என்றால் நான் ‘ஐ மிஸ் மை டாக்ஸ்’ஸைச் சொல்வேன். ஹாட் பாய்ஸில் இருந்து போன மூன்று பேருக்கும் தனித்தனியாக, ஆளுக்கொரு வெர்ஸ். கடிதம் எழுதுகிற மாதிரி. இரண்டே வருடத்துக்கு முன்னால் ஜூவனைலைச் சீண்டுவதற்கு ஓர் ஆல்பத்துக்கே பெயர் வைத்த ஆள், இப்போது நீ இல்லாமல் என்னமோ போல் இருக்கிறது என்கிறார். டர்க் அப்போது சிறையில். சண்டையில் யார் பக்கம் நியாயம் என்று வழக்காடவில்லை. கம்பெனியை விட்டுக்கொடுக்கவும் இல்லை. கோபமும் பாசமும் ஒரே வரியில் நிற்கின்றன, இரண்டையும் சமாதானப்படுத்த அவர் முயலவில்லை. ராப்பில் பொதுவாக இந்த மாதிரிப் பாட்டு செத்தவர்களுக்குத்தான் பாடுவார்கள். உயிரோடு இருக்கிற, பேச்சுவார்த்தை இல்லாத நண்பர்களுக்குப் பாடுவது கஷ்டம். இருபத்தோரு வயதில் அதைச் செய்திருக்கிறார்.

குறைகளையும் சொல்லிவிட வேண்டும். 21 டிராக் ரொம்ப அதிகம். பின்பாதியில் ஐந்தாறு பாட்டைத் தூக்கியிருந்தால் ஆல்பம் இன்னும் பேசப்பட்டிருக்கும். சிடியில் இருக்கிற 80 நிமிடத்தையும் அடைத்துவிட வேண்டும் என்பது அந்தக் காலத்து வியாதி, கேஷ் மணிக்கு அது முற்றிய நிலையில் இருந்தது. பெண்களைப் பற்றிய பாட்டுகளை இன்று பொறுமையாகக் கேட்க முடியாது. பாட்டுத் தலைப்பிலேயே வசவு. தன்னைப் ‘பேர்ட்மேன் ஜூனியர்’ என்று அறிமுகப்படுத்திக்கொள்ளும் பாட்டும் இதில் உண்டு. ஆல்பத்துக்குச் சொந்தக் குடும்பப் பெயர், உள்ளே வளர்த்தவர் பெயர். இன்னும் முழுதாகத் தனியாள் ஆகவில்லை. இந்த அரைகுறைத்தனத்தால்தான் எனக்கு இது திருப்புமுனையாகப் படுகிறது. பழைய வெய்னும் புதிய வெய்னும் அடுத்தடுத்த அறையில் இருக்கிறார்கள்.

முதல் வாரத்தில் சுமார் 1,16,000 பிரதிகள், பட்டியலில் 5-ஆம் இடம். பிரமாதம் என்று சொல்ல முடியாது. ஆனால் அந்த ஆண்டுக் கடைசியில் டெஸ்டினிஸ் சைல்ட் என்ற பெண்கள் பாப் குழுவின் ‘சோல்ஜர்’ பாட்டில் ராப்பர் டி.ஐ.யோடு சேர்ந்து ஒரு வெர்ஸ் பாடினார். அது ஹாட் 100-இல் 3 வரை ஏறியது. ராப் கேட்காத வீடுகளிலும் அவர் குரல் தெரிய ஆரம்பித்தது அப்போதுதான்.

எழுதிக் கொடுத்தார்களா என்ற விஷயத்துக்கு வருகிறேன். இந்தச் சந்தேகம் புதிதல்ல. பிலடெல்பியாவைச் சேர்ந்த கில்லி டா கிட் என்ற ராப்பர் கொஞ்ச காலம் கேஷ் மணியோடு இருந்தார். அந்தக் கட்டத்தில் வெய்னுக்கு எழுதிக் கொடுத்தது நான்தான் என்று பின்னால் பல இடங்களில் சொன்னார். வெய்ன் அதை ஏற்கவில்லை; இருவரும் பாட்டிலேயே திட்டிக்கொண்டார்கள். கூட இருந்த மூத்த ராப்பரின் பழக்கம் இளையவருக்கு ஒட்டியிருக்கலாம், அதில் அதிசயம் இல்லை. ஆனால் எழுதிக் கொடுத்துத்தான் வளர்ந்தார் என்றால், கில்லி போன பிறகு வளர்ச்சி நின்றிருக்க வேண்டும். நடந்தது நேர் எதிர். அதுவரை வந்ததைவிட நல்லது எல்லாம் அதற்குப் பிறகுதான் வந்தது, அதுவும் யாரும் எழுதிக் கொடுத்துக் கட்டுப்படியாகாத அளவுக்குக் குவியலாக.

2005-இல் மேனி ஃப்ரெஷ்ஷும் பணத் தகராறில் கேஷ் மணியை விட்டுப் போனார். ‘கோ டிஜே’ என்று கொண்டாடிய டிஜேயே போய்விட்டார். கம்பெனிக்குக் கடைசியாக மிஞ்சியிருந்த தூண் அவர். அந்த ஆண்டு வெய்னுக்குக் கேஷ் மணியின் தலைவர் பதவியையும் கொடுத்தார்கள், யங் மணி என்று சொந்த லேபிளும் தொடங்கினார். இருபத்து மூன்று வயதுகூட நிறையவில்லை. அதே ஆண்டு ஆகஸ்ட் 29 அன்று கத்ரீனா சூறாவளி. கரைகள் உடைந்து நியூ ஆர்லியன்ஸின் ஐந்தில் நான்கு பங்கு தண்ணீரில் மூழ்கியது. ஹாலிகுரோவும் போயிற்று. குடும்பத்தோடு மயாமிக்கு மாறினார். ஊரும் இல்லை, ஊரின் சத்தத்தைச் செய்தவரும் கூட இல்லை.

அந்த டிசம்பரில் ‘தா கார்ட்டர் 2’ வருகிறது. ஆரம்பப் பாட்டு ‘தா மாப்’, ஐந்து நிமிடத்துக்கு மேல். ஹூக் கிடையாது. ஹீட்மேக்கர்ஸ் செய்த, பழைய சோல் பாட்டுத் துண்டை வேகப்படுத்திச் சுற்றவிட்ட நியூயார்க் பாணி பீட். மிக்ஸ்டேப்பில் கற்றதை அப்படியே கொண்டுவந்து ஆல்பத்தின் வாசலில் வைக்கிறார். ‘ஹஸ்லர் மியூசிக்’கில் பாடுகிறாரா பேசுகிறாரா என்று பிரிக்க முடியாத ஒரு இழுவை; பின்னால் வந்த ஒரு தலைமுறையே அதைப் பிடித்துக்கொண்டு பிழைத்தது. ராபின் திக்கின் பாட்டுக்குள்ளேயே புகுந்து பாடுகிற ‘ஷூட்டர்’, தென்மாநில ராப்பை மதிக்காதவர்களிடம் நேராகப் பேசுகிறது. ‘பெஸ்ட் ராப்பர் அலைவ்’ அயர்ன் மெய்டனின் ஹெவி மெட்டல் துண்டின் மேல் ஓடுகிறது. ஜே-ஸி 2003-இல் ஓய்வு என்று அறிவித்துவிட்டுப் போயிருந்தார். காலியான நாற்காலியில் நான் உட்காருகிறேன் என்று ஒரு நியூ ஆர்லியன்ஸ் பையன் சொன்னபோது நிறையப் பேர் சிரித்தார்கள். முதல் வாரத்தில் 2,38,000 பிரதிகள். முதல் பாகத்தைப் போல இரண்டு மடங்கு. சிரித்தவர்களுக்கு அடுத்த இரண்டு வருடத்தில் சிரிப்பு நின்றது.

ஏனென்றால் 2006, 2007-இல் அவர் செய்தது வேறு யாரும் செய்யாத வேலை. டிஜே டிராமாவோடு ‘டெடிகேஷன் 2’, அப்புறம் இரண்டு சிடி நீளத்துக்கு ‘டா டிரவுட் 3’, நடுவில் கண்டவர் பாட்டில் எல்லாம் கௌரவ வெர்ஸ். இலவசமாகக் கொட்டினார். இந்தக் குவியலில் ஒன்றை மட்டும் சொல்கிறேன். ரே சார்ல்ஸ் பாடிப் புகழ்பெற்ற ‘ஜார்ஜியா’ பாட்டை வைத்து லூடாக்ரிஸும் ஃபீல்ட் மாபும் சொந்த மாநிலத்தைப் புகழ்ந்து ஒரு பாட்டுப் போட்டிருந்தார்கள். வெய்ன் அதே பீட்டை எடுத்து, அந்தச் சொல்லை அன்றைய அமெரிக்க அதிபர் ஜார்ஜ் புஷ் பக்கம் திருப்பிவிட்டார். கத்ரீனாவில் கறுப்பின மக்கள் கூரை மேல் நின்று காத்திருந்ததையும், தன் ஊர்க்காரர்கள் என்ன ஆனார்கள் என்பதையும் பாடுகிறார். பதினேழு வயதில் தெருமுனையைப் பொதுவான சாமானாகப் பயன்படுத்தியவர், இங்கே தன் தெருவுக்கு மட்டும் நடந்ததைச் சொல்கிறார். கம்பெனி ஆல்பத்தில் இடம் கிடைக்காத விஷயம் மிக்ஸ்டேப்பில் வந்தது.

மூன்றாம் பாகத்தைப் பற்றி உங்களுக்கே தெரியும். 2008 ஜூன் 10, முதல் வாரத்திலேயே பத்து லட்சத்துக்கு மேல், அப்புறம் கிராமி. பாட்டுகள் முன்கூட்டியே கசிந்து, வேறு பாட்டுகள் செய்து, அவையும் கசிந்து, ஒருவழியாக வெளிவந்த ஆல்பம் என்பதால் ஒருமை குறைவு. ஆனால் இந்தப் பதிலுக்குத் தொடர்பான பாட்டு ஒன்று அதில் இருக்கிறது: ‘டாக்டர் கார்ட்டர்’. வெய்ன் மருத்துவர். வரும் நோயாளிகள் எல்லாம் மோசமான ராப்பர்கள். ஒருவருக்குச் சொந்தக் கற்பனை இல்லை, ஃப்ளோ (வரிகளைத் தாளத்தில் ஓடவிடும் விதம்) பலவீனம். இன்னொருவருக்குத் தன்னம்பிக்கை இல்லை, சொல்வளம் போதாது, உவமை சரியில்லை. முதல் இருவரைக் காப்பாற்ற முடிவதில்லை. கேட்டால் ஜாலியான பாட்டு. ஆனால் அந்த நோய்ப் பட்டியலை ‘500 டிகிரீஸ்’ பாடிய பையனுக்குப் பொருத்திப் பாருங்கள், முக்கால்வாசி பொருந்தும்.

சரி, வரிசையாகக் கேட்பதென்றால் இப்படிப் போங்கள். ‘தா பிளாக் இஸ் ஹாட்’டில் தலைப்புப் பாட்டு மட்டும் போதும். அடுத்த இரண்டு ஆல்பத்தையும் தாராளமாகத் தாண்டிவிடலாம். நான் ரசிகன், எனக்கே அவற்றைத் திரும்பக் கேட்கும் ஆசை வருவதில்லை. ‘10,000 பார்ஸ்’ முழுதும் வேண்டாம், பத்து நிமிடம் கேளுங்கள், பிடித்தால் தொடருங்கள். ‘தா கார்ட்டர்’ முதல் பாதி முழுக்கக் கேளுங்கள், அதில் ‘ஐ மிஸ் மை டாக்ஸ்’ஸைத் தவற விடாதீர்கள். ‘தா கார்ட்டர் 2’ முழுக்க, வரிசை மாற்றாமல். மிக்ஸ்டேப்புகளைப் பொறுத்தவரை ஸ்ட்ரீமிங்கில் இருக்கும் பிரதிகளில் உரிமைச் சிக்கலால் சில பாட்டுகள் விடுபட்டிருக்கும், பீட்டும் மாறியிருக்கும். 2006-இல் தெருவில் விற்ற பழைய பதிவு எங்காவது கிடைத்தால் அதையே எடுத்துக்கொள்ளுங்கள்.